52இல் 1

யோஷியா நொபுகோ 1916 முதல் 1924 வரை ‘ஷோஜோ காஹோ’ என்ற சிறுமியர் இதழில், ‘ஹானா மொனோகதாரி’ என்ற பொதுத் தலைப்பில் எழுதிய கதைகள் 52. தமிழில் ‘மலர்க் கதைகள்’ என்று சொல்லலாம். பெரும்பாலான கதைகளுக்கு ஒரு பூவின் பெயரே தலைப்பு. பெண்ணுக்குப் பெண்மேல் தோன்றும் காதலை எழுதிய நவீன ஜப்பானியப் புனைவின் வரலாற்றைச் சொல்ல வருபவர்கள் பெரும்பாலும் இந்தத் தொடரிலிருந்துதான் தொடங்குகிறார்கள். இந்த 52இல் ஆங்கிலத்தில் தனிநூலாக வெளிவந்து பரவலாக வாசிக்கப்பட்ட கதை 1. அது ‘மஞ்சள் ரோஜா’. பாஸ்டன் பல்கலைக்கழகத்தின் சாரா ஃப்ரெடரிக் மொழிபெயர்த்தார். 2010களின் நடுவில் மின்னூலாக வந்தது. 52இல் 1 என்பது 1.9 சதவீதம்.

ஒப்பிட இன்னொரு நூல் இருக்கிறது. இஹாரா சைக்காகு 1687இல் வெளியிட்ட ‘நன்ஷோக்கு ஓகாகமி’ ஆண்களுக்கு இடையிலான காதலைச் சொல்லும் தொகுதி. 8 பாகம், பாகத்துக்கு 5 கதை, மொத்தம் 40. முதல் 20 சாமுராய்களைப் பற்றியவை, அடுத்த 20 கபுக்கி நடிகர்களைப் பற்றியவை. இதிலிருந்து சில கதைகள் 1928இலேயே, பிரெஞ்சு வழியாக, ஆங்கிலத்துக்கு வந்துவிட்டன. 1990இல் பால் கார்டன் ஷாலோ 40 கதைகளையும் மொழிபெயர்க்க, ஸ்டான்ஃபோர்டு பல்கலைக்கழகப் பதிப்பகம் வெளியிட்டது. காத்திருப்பு 303 ஆண்டு. வந்து சேர்ந்த அளவு 100 சதவீதம். சைக்காகு செவ்வியல் ஆசிரியர், யோஷியா வணிக இதழில் எழுதிய இளம்பெண் என்பதால் இரண்டையும் ஒரே தராசில் வைக்க முடியாது. ஆனாலும் 100க்கும் 1.9க்கும் உள்ள இடைவெளி முழுவதையும் தகுதி வேறுபாடு என்று எழுதிவிடவும் முடியாது.

52 கதைகளும் காதல் கதைகள்தானா என்ற கேள்வி நியாயமானது. அல்ல. முதல் 7 கதைகள், 7 சிறுமிகள் ஓரிடத்தில் கூடி ஆளுக்கொன்றாகச் சொல்வதுபோல் அமைந்தவை. தொடரில் தாயின் மரணம், வறுமை, ஊர் மாறிப் போகும் தோழி என்று துயரத்தை மட்டும் சொல்லும் கதைகளும் உண்டு. ஆகவே வகுஎண்ணைக் குறைத்துப் பார்க்கலாம். பாதிதான் காதல் கதை என்று கொண்டால் 26இல் 1, அதாவது 3.8 சதவீதம். கால் பங்குதான் என்றால் 13இல் 1, அதாவது 7.7 சதவீதம். மிகக் கறாராக எண்ணினாலும் பத்தில் ஒரு பங்கை எட்டவில்லை.

இந்தக் கதைகள் யாருக்காக எழுதப்பட்டன என்பதையும் பார்க்க வேண்டும். பெண்கள் உயர்நிலைப் பள்ளி ஆணை 1899இல் வந்தது; விடுதியும் சீருடையும் சந்தாவுக்கு இதழும் கொண்ட ஒரு தலைமுறை 17 ஆண்டில் உருவாகியிருந்தது. அந்தத் தலைமுறை தன் தோழமைக் காதலை ‘எஸ்’ என்று ஓரெழுத்தில் குறித்தது. பள்ளி முடியும்வரை பெரியவர்கள் அதைப் பொறுத்துக்கொண்டார்கள், பிறகு கல்யாணம். ‘மஞ்சள் ரோஜா’வும் அந்தச் சட்டகத்துக்குள்தான் நிற்கிறது: ஓர் இளம் ஆசிரியை, ஒரு மாணவி, மாணவிக்கு வீட்டார் நடத்திவைக்கும் திருமணம்.

யோஷியா தன் வாழ்க்கையில் அந்தச் சட்டகத்தை ஏற்கவில்லை. பிறப்பு 1896, தொடரை எழுதத் தொடங்கியபோது வயது 20. மொன்மா சியோவைச் சந்தித்தது 1923இல். 1973இல் காமகுராவில் இறக்கும்வரை இருவருக்கும் இடையே 50 ஆண்டுத் தோழமை. 1925இல் ‘குரோஷோபி’ என்ற சொந்த இதழ் நடத்தினார். 8 இதழ்களோடு நின்றது. 1957இல் மொன்மாவைச் சட்டப்படி மகளாகத் தத்தெடுத்தார். இணையர் என்று பதிவு செய்ய வழியில்லாத நாட்டில், சொத்தும் உரிமையும் போய்ச் சேர வேண்டியவரிடம் சேர அது ஒரு வழி. டோக்கியோவின் ஷிபுயா, செத்தகாயா வட்டாரங்கள் ஒரே பாலின இணையருக்குச் சான்று தரத் தொடங்கியது 2015 நவம்பரில், அதாவது 58 ஆண்டு கழித்து. 1975இல் தொடங்கிய யோஷியாவின் படைப்புத் தொகுதி 12 பாகம். ஜப்பானிய மொழியில் 12 பாகம், ஆங்கிலத்தில் ஒரு மின்னூல்: இதுதான் வரவும் நிலுவையும்.

இனி பரந்த கணக்கு. இக்கட்டுரைக்காக 8 நூல்களை எடுத்துக்கொள்கிறேன். ஒவ்வொன்றிலும் பெண்ணுக்கும் பெண்ணுக்குமான உறவு மையமாகவோ, குறைந்தது ஒரு முழுக் கதையாகவோ இருக்கிறது. ஒவ்வொன்றும் ஆங்கிலத்தில் நூலாக வந்திருக்கிறது. இது முழுக் கணக்கெடுப்பு அல்ல, மாதிரி. அமெரிக்க, பிரிட்டிஷ் பதிப்புகளுக்கு இடையே ஆண்டு வேறுபடும் இடத்தில் முந்தியதைக் கொண்டேன். நூலாண்டிலிருந்து நூலாண்டுக்குக் காலத்தை அளந்தேன். ‘மஞ்சள் ரோஜா’வுக்கு மட்டும் இதழில் வந்த காலத்திலிருந்து.

பழைய நூல்கள் 4. தனிசாகி ஜுன்இச்சிரோவின் ‘மன்ஜி’ 1931இல் நூலானது. ‘குயிக்சாண்ட்’ என்று ஆங்கிலத்தில் 1993: 62 ஆண்டு. கவாபாத்தா யசுனாரியின் ‘அழகும் துயரமும்’ 1965, ஆங்கிலத்தில் 1975: 10 ஆண்டு. மாட்சுஊரா ரியெக்கோவின் ‘பெருவிரல் பி’ நாவல் 1993, ஆங்கிலத்தில் 2009: 16 ஆண்டு. ‘மஞ்சள் ரோஜா’ சுமார் 90 ஆண்டு. கூட்டல் 178, சராசரி 44.5 ஆண்டு.

புதிய நூல்களும் 4. மாட்சுதா ஆவோக்கோவின் பேய்க்கதைத் தொகுப்பு 2016, ‘வேர் தி வைல்டு லேடீஸ் ஆர்’ என்று ஆங்கிலத்தில் 2020: 4 ஆண்டு. லீ கோத்தோமியின் ‘தனி நடனம்’ 2018, ஆங்கிலத்தில் 2022: 4 ஆண்டு. முராதா சயாகாவின் ‘செய்மெய்ஷிகி’ 2019, ‘லைஃப் செரிமனி’ என்று 2022: 3 ஆண்டு. ஓதானி அகிராவின் ‘பாபா யாகாவின் இரவு’ 2020, ஆங்கிலத்தில் 2024: 4 ஆண்டு. கூட்டல் 15, சராசரி 3.75 ஆண்டு.

44.5க்கு எதிரே 3.75 என்றால் ஏறத்தாழ பன்னிரண்டில் ஒரு பங்கு. நான்கு நான்கு நூல்களின் சராசரி ஆதாரமாகாது, திசையைத்தான் காட்டும். தவிர, பழைய நான்கின் சராசரியை 90உம் 62உம் மேலே இழுக்கின்றன. நடு எண்ணை எடுத்தாலும் 39 ஆண்டு வருகிறது. கவாபாத்தாவின் 10க்குக் காரணம் தேட வேண்டியதில்லை: 1968இல் நோபல் பரிசு, அதன் பின் 7ஆம் ஆண்டில் மொழிபெயர்ப்பு. அந்த வேகம் பரிசுக்குரியது, பொருளுக்குரியது அல்ல.

8 நூல்களில் 2000க்கு முன் ஆங்கிலம் பெற்றவை 2. இரண்டும் நாவல், இரண்டையும் எழுதியவர்கள் ஆண்கள், இரண்டையும் மொழிபெயர்த்தவர் ஹார்வர்டின் ஹவர்ட் ஹிபெட் ஒருவரே. ஆக இந்தப் பட்டியலில் 20ஆம் நூற்றாண்டு முழுவதும் ஆங்கில வாசகர் ஜப்பானியப் பெண்களின் காதலைப் படித்தது 2 ஆண்களின் கண்வழியாக, 1 ஆணின் ஆங்கிலத்தில். இரண்டு நாவல்களிலும் அந்தக் காதல் அழிவில் முடிகிறது. தனிசாகியையும் கவாபாத்தாவையும் குறைத்துச் சொல்லவில்லை. ‘மன்ஜி’ தனிசாகியின் மிகத் தேர்ந்த கதைகூறல்களில் ஒன்று. 2இல் 2 என்ற விகிதத்தைத்தான் குறித்து வைக்கிறேன். 2000க்குப் பின் வந்த 6 நூல்களில் ஆண் எழுத்தாளர் யாருமில்லை.

1987ஆம் ஆண்டைத் தனியாகப் பார்க்க வேண்டும். அந்த ஆண்டு ஜப்பானில் இரண்டு நூல்கள் வந்தன. ஒன்று ‘பெஸ்ஸாட்சு தக்காராஜிமா’ வரிசையின் 64ஆம் இதழ்: பெண்களை நேசிக்கும் பெண்களைப் பற்றிய முழு இதழ், 234 பேரின் வாக்குமூலத்தோடு, சாதாரணப் புத்தகக் கடையில் விலைக்கு. மற்றொன்று மாட்சுஊரா ரியெக்கோவின் ‘நேச்சுரல் வுமன்’: ஒருத்தியை மையமாக வைத்து ஒன்றோடொன்று தொடர்புள்ள 3 கதைகள். இந்த எழுத்தில் பலர் முதலிடம் தருவது அதற்குத்தான். ஆனால் 2009இல் கொதான்ஷா இன்டர்நேஷனல் மாட்சுஊராவை ஆங்கிலத்துக்குக் கொண்டுவந்தபோது எடுத்தது அந்த 3 கதைகளை அல்ல. மைக்கேல் எம்மெரிக் மொழிபெயர்த்த, ஜப்பானில் 2 பாகமாக வந்த பெரிய நாவலை. ஒரு பெண்ணின் கால் பெருவிரல் ஆண்குறியாக மாறிவிடும் கதை அது; விளம்பரத்துக்கு எளிது. அந்தப் பதிப்பகமும் 1963இல் தொடங்கி 48 ஆண்டு நடந்து 2011இல் மூடப்பட்டது. நாவல் வந்து 2 ஆண்டுதான் ஆகியிருந்தது.

சிறுகதைக்கென்று தனித் தொகுப்பு வந்தது 2008இல். பார்பரா சம்மர்ஹாக், கிம்பர்லி ஹியூஸ் தொகுத்த ‘ஸ்பார்க்ளிங் ரெய்ன்’. பெண்களை நேசிக்கும் பெண்களைப் பற்றிய ஜப்பானியப் புனைவு என்று அட்டையிலேயே அறிவித்த நூல். வெளியிட்டது நியூ விக்டோரியா என்ற அமெரிக்கச் சிறு பதிப்பகம். இதே பதிப்பகம்தான் 10 ஆண்டு முன்பு, 1998இல், ஜப்பானியத் தன்பாலீர்ப்பாளர்களின் வாழ்க்கைக் கதைகளை ‘குயர் ஜப்பான்’ என்று வெளியிட்டது. சம்மர்ஹாக் அதன் தொகுப்பாளர்களிலும் ஒருவர். ஆண்களின் காதலுக்கான ஜப்பானியத் தொகுப்பு ‘பார்ட்டிங்ஸ் அட் டான்’ 1996இல் சான் பிரான்சிஸ்கோவின் கே சன்ஷைன் பதிப்பகத்தில் வந்தது. ஆண்களுக்கும் பெண்களுக்கும் இடையே தொகுப்பு இடைவெளி 12 ஆண்டு. இரண்டுமே சிறு பதிப்பகங்கள் என்பது இன்னொரு தகவல்: பெரிய நிறுவனங்கள் இந்தச் செலவில் பங்கேற்கவில்லை.

8 நூல்களை வடிவத்தால் பிரித்தால் நாவல் 5, சிறுகதை 3; அதாவது 62.5 சதவீதமும் 37.5 சதவீதமும். சிறுகதைக்கு இது மோசமில்லையே என்று தோன்றலாம். உள்ளே எண்ணிப் பார்த்தால் நிலைமை வேறு. ‘மஞ்சள் ரோஜா’ 1 கதை. மாட்சுதாவின் தொகுப்பில் 17 கதைகள். பெண்ணும் பெண்ணும் காதலிப்பதை மையமாகக் கொண்டது 1. முராதாவின் தொகுப்பில் 12 கதைகள், அதிலும் 1. மொத்தம் 30 கதைகளில் 3, அதாவது 10 சதவீதம். முராதாவின் கதையைச் சேர்ப்பதா என்பதே விவாதத்துக்குரியது. 70 வயதுப் பெண்கள் இருவர், 40 ஆண்டு ஒரே வீடு, சேர்ந்து வளர்த்த பிள்ளைகள். ஆனால் அவர்கள் காதலர்கள் அல்லர் என்று கதையே சொல்கிறது. அதை நீக்கினால் 30இல் 2, அதாவது 6.7 சதவீதம். நான் சேர்த்தே எண்ணுகிறேன். ஆணில்லாத குடும்பத்தை அண்டை வீட்டார் என்னவென்று நினைக்கிறார்கள் என்பதுதான் அந்தக் கதையின் பாரம்.

மாட்சுதாவின் அந்த ஒரு கதையைப் பற்றி இரண்டு வரி கூடுதலாகச் சொல்லலாம். ஆற்றில் தூண்டில் போட்டவர் எலும்புக்கூட்டை இழுத்து, அதற்கு இறுதிக்கடன் செய்ய, செத்தவள் நன்றி சொல்ல இரவில் வருகிறாள் என்பது ‘கொட்சுட்சுரி’ என்ற பழைய ரக்குகோ மேடைக்கதை. அதில் தூண்டில்காரன் ஆண். மாட்சுதா அந்த ஒரு பாத்திரத்தைப் பெண்ணாக்கினார். கதையின் அடிப்படை அமைப்பு அப்படியே இருக்கிறது. பாலி பார்ட்டன் மொழிபெயர்த்த இந்தத் தொகுப்பு 2021இல் உலக மிகைபுனைவு விருதின் சிறந்த தொகுப்புப் பரிசைப் பெற்றது. பரிசு 17 கதைகளுக்கும் சேர்த்து, 5.9 சதவீதக் கதை அதோடு பயணம் செய்தது. பெண்–பெண் காதல் கதை இப்போது பெரும்பாலும் இப்படித்தான் ஆங்கிலம் போகிறது: தனி அடையாளத்தோடு அல்ல, பொதுத் தொகுப்பின் உள்ளே ஒன்றாக. வாசகர் எண்ணிக்கைக்கு இது நல்லது. தேடிப் படிப்பவருக்கு அவ்வளவு நல்லதல்ல. அட்டையில் எந்தக் குறிப்பும் இருக்காது.

ஓதானி அகிராவின் கணக்கும் இதே பக்கம் சாய்கிறது. 2018இல் அவர் வெளியிட்ட ‘கன்பெக்கி ஜா நாய், அதாஷி–தாச்சி’ பெண்களுக்கு இடையே உள்ள பலவகை உறவுகளைச் சொல்லும் 23 கதைகள். 2024இல் சாம் பெட்டின் மொழிபெயர்ப்பில் ஆங்கிலத்துக்குப் போனது அந்த 23 அல்ல, யாக்குசா கும்பலில் மாட்டிக்கொள்ளும் ஒருத்தியின் நாவல். அது 2025இல் பிரிட்டனின் குற்றப்புனைவு எழுத்தாளர் சங்கம் தரும் மொழிபெயர்ப்பு டாகர் விருதைப் பெற்றது. ஜப்பானிய எழுத்தாளர் ஒருவருக்கு அந்த விருது கிடைத்தது அதுவே முதல்முறை. மாட்சுஊராவில் 3 கதையை விட்டு நாவல், ஓதானியில் 23 கதையை விட்டு நாவல். இரண்டு நிகழ்வுகளை விதி என்று சொல்ல முடியாது. பதிப்பாளரின் விருப்பம் எந்தப் பக்கம் என்பதற்கு இரண்டு சாட்சி என்று சொல்லலாம்.

இதைப் பொதுச் சந்தையோடும் வைத்துப் பார்க்க வேண்டும். அமெரிக்காவில் வெளியாகும் நூல்களில் மொழிபெயர்ப்பு சுமார் 3 சதவீதம் என்பது பரவலாகச் சொல்லப்படும் மதிப்பீடு; ரோசெஸ்டர் பல்கலைக்கழகம் 2007இல் தொடங்கிய மொழிபெயர்ப்புத் தளம் அதையே பெயராக வைத்துக்கொண்டது. மொழிபெயர்க்கப்படும் புனைவிலும் கவிதையிலும் பெண்கள் எழுதியது சுமார் 10இல் 3 பங்கு. இரண்டையும் தோராயமாகப் பெருக்கினால், 1,000 நூலுக்கு 30 மொழிபெயர்ப்பு, அதில் 9 பெண்களுடையது. அந்த 9ஐ உலகின் எல்லா மொழிகளும் பங்கிட வேண்டும். ஜப்பானியத்துக்கு அதில் ஒரு துண்டு, சிறுகதைக்கு அந்தத் துண்டில் ஒரு துண்டு. லெஸ்பியன் கதையின் குறைந்த எண்ணிக்கையில் எவ்வளவு பங்கு வெறுப்பால், எவ்வளவு பங்கு இந்தப் பொதுவான வறட்சியால் என்று பிரித்துச் சொல்ல இந்த எண்கள் போதாது.

பொருள்தான் தடையா என்று சோதிக்க ஒரு வழி உண்டு: அதே பொருள், வேறு வடிவம். ‘காமிக் யூரிஹிமே’ என்ற பெண்–பெண் காதல் மங்கா (சித்திரக்கதை) இதழ் 2005இல் காலாண்டிதழாகத் தொடங்கியது, ஆண்டுக்கு 4. பின்னர் இருமாத இதழாகி 6, மாத இதழாகி 12. பத்தாண்டு சொச்சத்தில் 3 மடங்கு. ஷிமுரா தக்காக்கோவின் ‘ஆவோய் ஹானா’ 8 பாகமாக 2013இல் முடிந்தது. 2017, 2018 ஆண்டுகளில் இரண்டிரண்டாகச் சேர்த்து 4 நூலாக ஆங்கிலத்தில் முழுமையாக வந்தது. 8இல் 8. நகாத்தா கபியின் தன்வரலாற்று மங்கா, ‘மை லெஸ்பியன் எக்ஸ்பீரியன்ஸ் வித் லோன்லினெஸ்’, ஜப்பானில் 2016, ஆங்கிலத்தில் 2017: 1 ஆண்டு. 2018இல் சிறந்த மங்காவுக்கான ஹார்வி விருது. தலைப்பிலேயே லெஸ்பியன் என்ற சொல் இருக்கும் நூலுக்கு 1 ஆண்டு என்றால், ஆங்கில வாசகர் இந்தப் பொருளை விரும்பவில்லை என்ற வாதம் நிற்காது.

உரைநடையிலும் ஒரு கிளைக்கு அந்த வேகம் இருக்கிறது. ‘எஸ்–எஃப் மகஜின்’ என்ற அறிவியல் புனைவிதழின் 2019 பிப்ரவரி இதழ் பெண்–பெண் காதல் சிறப்பிதழாக வந்தது. 1959இல் தொடங்கிய அந்த இதழ் 3ஆம் அச்சுக்குப் போனது அதுவே முதல்முறை. அதே ஆண்டு ஜூனில் ஹயகாவா பதிப்பகம் 9 படைப்புகளைத் தனித் தொகுப்பாக்கியது. மியாசாவா இயோரியின் ‘உராசெகாய் பிக்னிக்’ வரிசை, தொடர்கதைக்கும் சிறுகதைக்கும் இடைப்பட்ட அமைப்புடையது. ஜப்பானில் 2017, ஆங்கிலத்தில் 2019 முதல். எதிர்த்திசையில் ஓர் எண்ணும் உண்டு. கொன்னோ ஒயுக்கியின் ‘மரியா–சமா கா மிதேரு’ 1998 முதல் 30க்கும் மேற்பட்ட பாகங்களாக விற்ற தொடர்; யோஷியாவின் பள்ளி உலகத்துக்கு நேர் வாரிசு. 2008இல் ஆங்கிலச் சந்தைக்கு வந்தது அதன் அசைவூட்டத் தொடர், நாவல்கள் அல்ல.

இப்போது செலவு. கீழே வருவது அனுமானக் கணக்கு; அனுமானங்களைச் சொல்லிவிடுகிறேன், வாசகர் மாற்றிப் போட்டுப் பார்க்கலாம். ஜப்பானில் கையெழுத்துப் படியை 20 வரி, வரிக்கு 20 கட்டம், மொத்தம் 400 எழுத்துள்ள தாளில் அளப்பார்கள். ‘மலர்க் கதைகள்’ இன்று கவாதே பதிப்பகத்தின் 2 சிறு பாகங்களில் கிடைக்கிறது. கதைக்குச் சராசரி 20 தாள் என்று கொள்வோம். 52 கதைக்கு 1,040 தாள், 4,16,000 எழுத்து. ஒரு தாள் ஆங்கிலத்தில் சுமார் 180 சொல் ஆகும் என்றால் 1,87,200 சொல். மொழிபெயர்ப்பாளருக்கு 1,000 சொல்லுக்கு 100 பவுண்டு என்றால் மொத்தக் கூலி 18,720 பவுண்டு. ஒரு கதைக்கு 360 பவுண்டு. நாளுக்கு 1,500 சொல் வீதம் முதல் வரைவுக்கு 125 வேலைநாள். திருத்தத்துக்கு அதே அளவு சேர்த்தால் 250, ஏறத்தாழ ஓர் ஆளுக்கு ஓராண்டு வேலை.

சர்வதேச புக்கர் பரிசுத் தொகை 50,000 பவுண்டு. மேலே கண்ட 18,720 அதில் 37.4 சதவீதம். தாள் கணக்கில் நான் பாதி அளவு தவறியிருந்தாலும், கதைக்கு 30 தாள் என்று வைத்தால், 28,080 பவுண்டு, 56.2 சதவீதம். ஆங்கிலப் பதிப்புலகில் இது பெரிய தொகை அல்ல. ஓராண்டு வேலைக்கு இந்தக் கூலியை நம்பி ஒரு மொழிபெயர்ப்பாளர் இறங்குவாரா என்பது வேறு கேள்வி. சாரா ஃப்ரெடரிக் பேராசிரியர். சம்மர்ஹாக் ஜப்பானில் கற்பித்தவர். இந்த இலக்கியத்தின் மொழிபெயர்ப்புக் கூலியில் ஒரு பகுதியைப் பல்கலைக்கழகச் சம்பளம் மறைமுகமாகக் கொடுத்து வந்திருக்கிறது என்று ஊகிக்கலாம்.

உரிமைத் தொகை இரண்டாவது செலவு. இங்கே எண்கள் நாட்டுக்கு நாடு பிரிகின்றன. யோஷியா இறந்தது 1973. ஜப்பானில் காப்புரிமை ஆசிரியர் இறந்து 50 ஆண்டு என்றிருந்தபோது, அவர் எழுத்து 2023 டிசம்பர் 31உடன் பொதுவுடைமை ஆகியிருக்க வேண்டும். 2018 டிசம்பர் 30 முதல் அந்தக் காலம் 70 ஆண்டாக நீட்டப்பட்டது. எனவே புதிய கெடு 2043 டிசம்பர் 31. 5 ஆண்டில் திறக்கவிருந்த கதவு 20 ஆண்டு தள்ளிப் போனது.

அமெரிக்காவில் கணக்கு வேறு. அங்கே பழைய படைப்புகளுக்கு வெளியான ஆண்டிலிருந்து 95 ஆண்டு. 1923இல் வந்தவை 2019 ஜனவரி 1 அன்றும், 1924இல் வந்தவை 2020 ஜனவரி 1 அன்றும் பொதுவுடைமை ஆயின. ஆக 1916–1924 இதழ்களில் அச்சான வடிவத்தில் 52 கதைகளும் 2020 முதல் அமெரிக்காவில் யாரும் மொழிபெயர்த்து வெளியிடக் கூடியவை. பின்னாளில் ஆசிரியர் திருத்திய பதிப்புகளுக்கு மட்டும் தனியாகப் பார்க்க வேண்டும். அமெரிக்காவுக்கும் ஜப்பானுக்கும் இடையே 24 ஆண்டு வித்தியாசம். பிரிட்டனிலும் ஆசிரியர் இறந்து 70 ஆண்டு என்பதால் ஜப்பானின் கெடுதான்.

உரிமைச் செலவு சுழியமாக இருந்தால் மட்டும் போதாது என்பதற்கு மியாமோட்டோ யுரிக்கோ உதாரணம். ரஷ்ய மொழிபெயர்ப்பாளர் யுவாசா யோஷிக்கோவோடு 1924 முதல் 1932 வரை, சோவியத் நாட்டில் கழித்த 1927–1930 காலமும் சேர்த்து, 8 ஆண்டு வாழ்ந்தவர். அந்த வாழ்வின் நடுவில், 1927இல், ‘இப்பொன் நோ ஹானா’ என்ற சிறுகதையை எழுதினார்: வேலைக்குப் போகும் ஒருத்தி, அவள் கூட வாழும் தோழி, இடையே தலைநீட்டும் ஓர் ஆண். மியாமோட்டோ இறந்தது 1951. ஜப்பானில் அவர் எழுத்து 2002 ஜனவரி 1 முதல் பொதுவுடைமை. மூலம் முழுவதும் ‘ஆவோசோரா புன்கோ’ இணைய நூலகத்தில் விலையின்றிக் கிடைக்கிறது. ஆங்கிலத் தொகுப்பாளர்கள் மியாமோட்டோவிடமிருந்து எடுத்துக்கொண்டவை பெரும்பாலும் தொழிலாளர் வாழ்க்கைக் கதைகளும் போர்க்காலத்துக்குப் பிந்திய எழுத்தும். காரணம் விலையாக இருக்க முடியாது. விலை 2002 முதல் 0.

ஆங்கில வாசகருக்கு இன்று கிடைப்பதைத் தொகுத்தால், கடந்த பத்தாண்டில் எழுதப்பட்டவை 3.75 ஆண்டுச் சராசரியில் வந்துவிடுகின்றன, நாவலாகவும் மங்காவாகவும் இருந்தால். 1916 முதல் 1987 வரையிலான சிறுகதைதான் பெரிய நிலுவை. புதிய எழுத்துக்கு விருது தேடித்தரும் முகவர் இருக்கிறார், உயிரோடு இருக்கும் ஆசிரியர் இருக்கிறார். பழைய எழுத்துக்கு இரண்டும் இல்லை. அங்கே தேவைப்படுவது ஓர் ஆளின் ஓராண்டு உழைப்பும், என் அனுமானப்படி 18,720 பவுண்டும்.

ஜப்பானியம் அறிந்த தமிழ் மொழிபெயர்ப்பாளர்களுக்கு ஒரு தகவல். இந்தியச் சட்டப்படி காப்புரிமை ஆசிரியர் இறந்து 60 ஆண்டு. இலங்கையில் 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கச் சட்டப்படி 70 ஆண்டு. யோஷியாவின் 52 கதைகளை அனுமதி கேட்காமல் சென்னையில் அச்சிடக்கூடிய முதல் நாள் 2034 ஜனவரி 1. யாழ்ப்பாணத்தில் 2044 ஜனவரி 1. மியாமோட்டோவின் கதைக்கு இந்தியாவில் அந்த நாள் 2012லேயே வந்துவிட்டது. இலங்கையில் 2022இல்.